முழங்கால் தசைநார் காயம்: படுக்கையிலிருந்து மைதானம் வரை முழுமையான மறுவாழ்வு வழிகாட்டி

முழங்கால் தசைநார் கிழிந்துவிட்டது என்று ஸ்கேன் அறிக்கை வந்தவுடன் எல்லோரும் கேட்பது, "எத்தனை மாதத்தில் சரியாகும்?" என்பதுதான். நியாயமான கேள்வி, ஆனால் அதற்கான பதில் நாட்காட்டியில் மட்டும் இல்லை. ஒரே நாளில், ஒரே முறையில் அறுவை சிகிச்சை செய்துகொண்ட இருவரில் ஒருவர் நான்காவது மாதத்தில் ஓடத் தயாராக இருப்பார். மற்றவரின் முழங்கால் அப்போதும் முழுமையாக நீளாமல் இருக்கும். இருவருக்கும் ஒரே அட்டவணையைக் கொடுத்தால் இரண்டாமவருக்கு அது தீங்காகவே முடியும். ஆகவே இந்த வழிகாட்டியில் வாரக் கணக்குகள் தோராயமாக மட்டுமே தரப்படுகின்றன. ஒரு கட்டத்திலிருந்து அடுத்ததற்குச் செல்லலாமா என்பதை வீக்கம், கால் நீளும் அளவு, தொடைத் தசையின் வலிமை ஆகிய மூன்றும்தான் சொல்ல வேண்டும். இங்கே சொல்லப்படுபவை எவையும் உங்களை நேரில் பரிசோதித்த மருத்துவரும் பிசியோதெரபிஸ்டும் தரும் அறிவுரைக்கு மாற்றாகா. அவர்களிடம் சரியான கேள்விகளைக் கேட்கவும், அவர்கள் சொல்வதன் காரணத்தைப் புரிந்துகொள்ளவும் இவை உதவும்.

எது கிழிந்திருக்கிறது என்பதை முதலில் தெரிந்துகொள்ளுங்கள்

முழங்காலை நான்கு முக்கியத் தசைநார்கள் கட்டிப்பிடித்திருக்கின்றன. மூட்டுக்குள் குறுக்காகச் செல்பவை இரண்டு: கீழ்க்கால் எலும்பு முன்னோக்கி நழுவாமல் தடுக்கும் முன் சிலுவைத் தசைநார், அதாவது ஏ.சி.எல்.; பின்னோக்கி நழுவாமல் தடுக்கும் பின் சிலுவைத் தசைநார், அதாவது பி.சி.எல். மூட்டின் உட்பக்கத்தில் எம்.சி.எல்., வெளிப்பக்கத்தில் எல்.சி.எல். என இரண்டு பக்கத் தசைநார்கள் உள்ளன. இவற்றுடன், தொடை எலும்புக்கும் கீழ்க்கால் எலும்புக்கும் இடையே மெத்தை போலிருக்கும் மெனிஸ்கஸ் எனும் குருத்தெலும்புத் தட்டும் பல நேரங்களில் சேர்ந்தே கிழிகிறது. பேச்சுவழக்கில் எல்லாவற்றையும் "ஜவ்வு கிழிந்துவிட்டது" என்று சொல்லிவிடுவதால், எந்தத் தசைநார், பகுதியளவா முழுமையா, மெனிஸ்கஸும் சேர்ந்திருக்கிறதா என்ற மூன்றையும் மருத்துவரிடம் தெளிவாகக் கேட்டு எழுதி வைத்துக்கொள்வது நல்லது. பின்னால் வரும் ஒவ்வொரு முடிவும் அந்த மூன்று விடைகளைப் பொறுத்தே அமையும்.

ஏ.சி.எல். கிழிவு பெரும்பாலும் யாரும் மோதாமலேயே நடக்கிறது. ஓட்டத்தில் சட்டென்று திசை மாற்றும்போதோ, தாவிக் கீழிறங்கும்போதோ பாதம் தரையில் ஊன்றியிருக்க முழங்கால் உள்நோக்கி மடங்கித் திரும்புகிறது. பலர் அந்த நொடியில் "டப்" என்ற சத்தத்தைக் கேட்கிறார்கள் அல்லது உணர்கிறார்கள். மூட்டுக்குள் இரத்தம் கசிவதால் சில மணி நேரத்துக்குள்ளேயே முழங்கால் உப்பிவிடும். பி.சி.எல். காயத்தின் வழி வேறு: மடங்கிய முழங்காலின் கீழே, கீழ்க்கால் எலும்பின் முன்பக்கத்தில் பலத்த அடி விழும்போது அது கிழிகிறது. வாகன விபத்துகளில் முன்பலகையில் கால் மோதுவது இதற்கு வழக்கமான உதாரணம்.

முதல் சில நாட்கள்

இந்த நாட்களில் மூட்டுக்கு ஓய்வும் வீக்கக் கட்டுப்பாடும் வேண்டும். முழு அசைவின்மை வேண்டாம். இதயத்தை விட உயரத்தில் காலை வைத்துப் படுப்பது, மீள்பட்டையால் மிதமாகக் கட்டுவது, துணியில் சுற்றிய பனிக்கட்டியை 15 முதல் 20 நிமிடம் வரை வைத்து எடுப்பது ஆகியவை வலியையும் வீக்கத்தையும் தணிக்கும். கணுக்காலை மேலும் கீழும் அசைத்துக்கொண்டே இருப்பது இரத்த ஓட்டத்துக்கு நல்லது. அழுத்தித் தேய்ப்பது, சூடு வைப்பது, "சுளுக்கு எடுப்பது" ஆகியவற்றை இந்தக் கட்டத்தில் அறவே தவிர்க்க வேண்டும்.

சில அறிகுறிகளுக்குக் காத்திருக்கக் கூடாது. ஊன்றி நான்கு அடி கூட நடக்க முடியாவிட்டால் எலும்பு முறிவு இல்லை என்பதை எக்ஸ்ரே மூலம் உறுதிசெய்ய வேண்டும். மடங்கிய முழங்கால் ஓரிடத்தில் பூட்டிக்கொண்டு நீள மறுத்தால், கிழிந்த மெனிஸ்கஸ் இடையில் சிக்கியிருக்கக்கூடும். பாதம் சில்லிட்டோ, வெளிறியோ, மரத்தோ போனால் இரத்தக் குழாய் அல்லது நரம்பு பாதிக்கப்பட்டிருக்கலாம். அது நாளை வரை காத்திருக்கக்கூடிய விஷயமே அல்ல, உடனடியாக அவசரச் சிகிச்சைப் பிரிவுக்குச் செல்ல வேண்டும்.

அறுவை சிகிச்சை வேண்டுமா?

எம்.சி.எல். மட்டும் கிழிந்திருந்தால் பெரும்பாலும் கத்தி தேவைப்படுவதில்லை. அதற்கு இரத்த ஓட்டம் நன்றாக உள்ளதால், முழங்கால் பிரேஸும் முறையான பயிற்சியும் சேர்ந்தே அதை ஆற்றிவிடும். லேசான காயம் சில வாரங்களிலும், முழுக் கிழிவு ஏறத்தாழ 6 முதல் 12 வாரங்களிலும் தேறும். பி.சி.எல். மட்டும் பாதிக்கப்பட்ட பலரும் பயிற்சியாலேயே மீள்கிறார்கள்.

ஏ.சி.எல். விஷயத்தில்தான் உண்மையான முடிவெடுப்பு தேவைப்படுகிறது. சுவீடனில் இளம் வயதினர் 121 பேரை வைத்து நடத்தப்பட்டு 2010-இல் முடிவுகள் வெளியான ஆய்வொன்றில், ஒரு குழுவுக்கு உடனடியாக அறுவை சிகிச்சையும் மற்றொரு குழுவுக்கு முதலில் பயிற்சியும், தேவைப்பட்டால் மட்டும் பின்னர் அறுவை சிகிச்சையும் அளிக்கப்பட்டன. இரண்டு ஆண்டுகள் கழித்துப் பார்த்தபோது வலி, செயல்பாடு, வாழ்க்கைத் தரம் ஆகியவற்றில் இரு குழுவினருக்கும் குறிப்பிடத்தக்க வேறுபாடு இல்லை. பயிற்சியில் தொடங்கியவர்களில் ஐந்தாண்டு முடிவிலும் ஏறத்தாழப் பாதிப்பேர் அறுவை சிகிச்சை இல்லாமலேயே இருந்தார்கள். எல்லோரும் அறுவை சிகிச்சையைத் தவிர்க்கலாம் என்று இதற்குப் பொருள் கொள்ளக் கூடாது. திடீர்த் திருப்பங்கள் நிறைந்த விளையாட்டுக்குத் திரும்ப விரும்புவோர், நல்ல பயிற்சிக்குப் பிறகும் நடக்கையில் முழங்கால் "விட்டுப்போவதாக" உணர்வோர், தைக்க வேண்டிய மெனிஸ்கஸ் கிழிவும் உள்ளோர் ஆகியோருக்கு அறுவை சிகிச்சையே பொருத்தமாக அமையும். ஒவ்வொரு முறை முழங்கால் விட்டுப்போகும்போதும் மெனிஸ்கஸும் குருத்தெலும்பும் மேலும் சேதமடைய வாய்ப்பிருப்பதால், அந்த உணர்வைச் சகித்துக்கொண்டு நாட்களைத் தள்ளக் கூடாது.

அறுவை சிகிச்சை என்று முடிவானாலும் அவசரப்பட வேண்டியது அரிது. வீங்கி, விறைத்து, நீள மறுக்கும் முழங்காலில் அறுவை செய்தால் பிறகு அந்த விறைப்பே நிலைத்துவிடும் ஆபத்து அதிகம். வீக்கம் வடிந்து, மறு காலைப் போலவே முழுமையாக நீண்டு, நொண்டாமல் நடக்கும் நிலை வந்த பிறகு அறுவை மேசைக்குப் போவது நல்லது. முன்கூட்டியே சேர்த்துக்கொண்ட தொடைத் தசை வலிமை அறுவை சிகிச்சைக்குப் பிந்தைய மாதங்களில் பெரிதும் கைகொடுக்கும். முடிந்தால் இரு கால்களின் வலிமையையும் அப்போதே அளந்து குறித்துக்கொள்ளுங்கள். ஏன் என்பது கடைசிக் கட்டத்தில் புரியும்.

முதல் கட்டம்: நீட்டுதலும் தொடைத் தசையை எழுப்புதலும் (அறுவை சிகிச்சைக்குப் பின் முதல் 2 வாரங்கள்)

முழங்காலை மடக்க முடியவில்லையே என்ற கவலைதான் பெரும்பாலானோருக்கு முதலில் வருகிறது. உண்மையில் மடங்குதல் காலப்போக்கில் வந்துவிடும். முழுமையாக நீளுதலைத்தான் தொடக்கத்திலேயே மீட்க வேண்டும். சில பாகை அளவு நீளாமல் நின்றுவிட்டாலும் நடை கோணலாகும், தொடைத் தசை முழுமையாக இறுகாது, முழங்கால் சில்லின் கீழ் வலி தொடங்கும். ஏ.சி.எல். அறுவை சிகிச்சையில், கிழிந்த தசைநாருக்குப் பதிலாக வேறிடத்திலிருந்து எடுத்த தசைநாணை (தசையை எலும்போடு இணைக்கும் நாரை) ஒட்டுகிறார்கள். அப்படி ஒட்டப்பட்ட தசைநாருக்கு முன்னால் வடுத்திசு திரண்டு நீளுதலைத் தடுத்தால், அதை அகற்ற மறுபடி அறுவை தேவைப்படவும் கூடும்.

இங்கே ஒரு சிறு பழக்கம் பெரிய கெடுதல் செய்கிறது. படுக்கும்போது முழங்காலுக்குக் கீழே தலையணை வைத்தால் சுகமாக இருக்கும், ஆனால் மணிக்கணக்கில் மடங்கியே கிடக்கும் மூட்டு அந்த நிலையிலேயே இறுகிவிடும். தலையணையைக் குதிகாலுக்குக் கீழே வையுங்கள். முழங்காலின் பின்புறம் எதிலும் படாமல் அந்தரத்தில் நிற்க, காலின் எடையே மெல்ல மெல்ல அதை நீட்டட்டும். ஒரு முறைக்கு 10 நிமிடம் என்று நாளில் பலமுறை இதைச் செய்யலாம். பின்தொடையில் இழுவை தெரிவது இயல்பு. கூர்மையான வலி இருக்கக் கூடாது.

இரண்டாவது வேலை தொடையின் முன்தசையை எழுப்புவது. மூட்டுக்குள் நீர் சேர்ந்திருக்கும்போது மூளை அந்தத் தசைக்கு அனுப்பும் உத்தரவு தானாகவே குறைகிறது. ஆகவே "இறுக்கு" என்று நினைத்தாலும் தொடை தொளதொளவென்றே கிடக்கும். இது சோம்பலோ மனபலக் குறைவோ அல்ல. காலை நீட்டி உட்கார்ந்து, முழங்காலின் பின்புறத்தைத் தரையில் அழுத்துவது போலத் தொடையை இறுக்கி, 5 முதல் 10 நொடி பிடித்து விடுங்கள். விரலை முழங்கால் சில்லின் மேல்விளிம்பில் வைத்தால், தசை சரியாக இறுகும்போது சில்லு இடுப்பை நோக்கி மேலே நகர்வதை உணரலாம். அது நகராவிட்டால் மறு காலில் செய்து பார்த்து, அதே உணர்வை இந்தக் காலில் தேடுங்கள். அப்படியும் தசை விழிக்கவில்லையென்றால் பிசியோதெரபிஸ்ட் மின்தூண்டல் கருவியைச் சேர்த்துப் பயன்படுத்துவார்.

இதில் தேறிவிட்டதற்கு அடையாளம் நேர்க்கால் தூக்கல். மல்லாந்து படுத்து, முழங்காலை முழுவதும் நீட்டி, காலை ஒரு சாண் உயரம் தூக்க வேண்டும். தூக்கும்போது முழங்கால் சற்றேனும் தளர்ந்து மடங்கினால் தசை இன்னும் தயாராகவில்லை என்று பொருள். பிரேஸையும் ஊன்றுகோலையும் கழற்றும் நேரம் வரவில்லை.

மடக்குவதற்குக் குதிகாலைத் தரையில் நழுவவிட்டு உடலை நோக்கி இழுக்கும் பயிற்சி போதும். முழுமையாக நீண்ட நிலையை 0 பாகை என்று கொண்டால், இரண்டு வாரத்தில் சுமார் 90 பாகையும், ஆறு வாரத்தில் சுமார் 120 பாகையும் பொதுவான இலக்குகள். மெனிஸ்கஸும் தைக்கப்பட்டிருந்தால் எடை ஊன்றுவதற்கும் ஆழமாக மடக்குவதற்கும் 4 முதல் 6 வாரம் வரை கட்டுப்பாடு இருக்கும். அப்போது அறுவை செய்த மருத்துவர் சொன்ன அளவே அளவு.

நடையில் இரண்டு ஊன்றுகோலிலிருந்து ஒன்றுக்கு மாறும்போது அந்த ஒன்றை எதிர்ப்பக்கக் கையில் பிடிக்க வேண்டும். படியேறும்போது நல்ல கால் முதலில், இறங்கும்போது காயமுற்ற கால் முதலில். நொண்டாமல் நடக்க முடிந்தால்தான் ஊன்றுகோலை விட வேண்டும், ஏனென்றால் நொண்டும் நடை சில வாரங்களிலேயே பழகிவிடும், பிறகு அதை மாற்றுவது கடினம்.

கெண்டைக்காலில் புதிதாக வலியும் வீக்கமும், திடீர் மூச்சுத்திணறல் அல்லது நெஞ்சுவலி, காய்ச்சல், தையலில் சீழ் அல்லது பரவும் சிவப்பு ஆகியவற்றில் எது வந்தாலும் உடனே மருத்துவரைப் பாருங்கள். முதலிரண்டும் இரத்தக் கட்டியின் அறிகுறிகளாக இருக்கலாம்.

தினமும் காலையில் முழங்காலிடம் கேட்க வேண்டியது

நேற்றைய பயிற்சி அதிகமா, சரியா என்பதை இன்று காலையின் வீக்கம் சொல்லும். இதைப் பார்க்கும் எளிய சோதனை ஒன்று உண்டு. காலை நீட்டித் தசையைத் தளரவிட்டுப் படுங்கள். முழங்காலின் உட்பக்கக் கீழ்ப்பகுதியிலிருந்து தொடையை நோக்கி உள்ளங்கையால் இரண்டு மூன்று முறை மெல்ல வருடி, அங்குள்ள நீரை மேலே தள்ளுங்கள். பிறகு வெளிப்பக்கத்தில் தொடையிலிருந்து கீழ்நோக்கி ஒரு முறை வருடுங்கள். அப்போது உட்பக்கக் குழியில் சிறு அலை போல நீர் திரும்பி வருகிறதா என்று பாருங்கள். எதுவும் வராவிட்டால் வீக்கம் இல்லை. மெல்லிய அலை தெரிந்தால் சிறிதளவு. வெளிப்பக்கம் வருடும் முன்பே குழி தானாக நிரம்பிவிட்டால் வீக்கம் கணிசமாக இருக்கிறது. முந்தைய நாளை விட அதிகரித்திருந்தால் பயிற்சியின் அளவைக் குறைத்து, பழைய நிலைக்கு வந்த பிறகே ஏற்ற வேண்டும். வலியைப் பொறுத்தவரை 10-க்கு 2 அல்லது 3 வரை, 24 மணி நேரத்தில் தணியக்கூடியது என்றால் கவலை வேண்டாம்.

இரண்டாம் கட்டம்: வலிமை சேர்த்தல் (சுமார் 2 முதல் 12 வாரம் வரை, அதன் பிறகும்)

அதிக மாதங்கள் எடுப்பதும், அதிகமானோர் சலித்துக் கைவிடுவதும் இந்தக் கட்டம்தான். தொடக்கத்தில் சுவரில் சாய்ந்து பாதி அமர்தல், 0 முதல் 60 பாகை வரையிலான அரைக்குந்தல், இடுப்பைத் தூக்கும் பாலப் பயிற்சி, குதிகாலை உயர்த்துதல், தாழ்வான படியில் ஏறுதல் ஆகியவை போதும். முழங்கால் சுமார் 110 பாகை மடங்கியதும் நிலைச்சைக்கிள் மிதிக்கத் தொடங்கலாம். உட்கார்ந்தபடி எடையுடன் காலை நீட்டும் இயந்திரப் பயிற்சி ஒட்டிய தசைநாரை இழுத்துவிடும் என்று முன்பு பலர் அஞ்சினார்கள். இப்போது சுமார் 4 வாரத்திலிருந்து 90-க்கும் 45 பாகைக்கும் இடைப்பட்ட எல்லைக்குள் தொடங்கி, மெல்ல விரிவாக்குகிறார்கள். தொடை முன்தசையைத் தனியாக வளர்க்க இதைவிடச் சிறந்த வழி குறைவு என்பதால், காரணமின்றி இதைத் தவிர்க்கக் கூடாது என்பது என் உறுதியான கருத்து.

பின்தொடைத் தசைநாணை எடுத்து ஒட்டியிருந்தால், எடுத்த இடம் ஆறும் வரை, அதாவது சுமார் 6 முதல் 8 வாரம் வரை, பின்தசைக்கு எடையுடன் பயிற்சி வேண்டாம். முழங்கால் சில்லுக்குக் கீழுள்ள சில்லுத் தசைநாணை எடுத்திருந்தால் முழங்காலின் முன்புற வலிக்கும் மண்டியிடும்போது வரும் வலிக்கும் தயாராக இருந்து, எடையைப் பொறுமையாக ஏற்ற வேண்டும். பி.சி.எல். காயத்தில் கணக்கு தலைகீழ்: பின்தசை கீழ்க்கால் எலும்பைப் பின்னோக்கி இழுப்பதால், தொடக்க மாதங்களில் அதைத் தனியாக இயக்குவதைத் தவிர்த்து முன்தசைக்கே முதலிடம் தர வேண்டும்.

வாரத்துக்கு 2 முதல் 3 நாள், ஒவ்வொரு பயிற்சியும் 3 அல்லது 4 சுற்று, சுற்றுக்கு 6 முதல் 12 முறை என்ற அளவில், கடைசி இரண்டு முறை உண்மையாகவே கடினமாக இருக்கும் எடையைத் தேர்ந்தெடுங்கள். ரப்பர் பட்டையுடன் லேசாக அசைத்துக்கொண்டே மாதங்களைக் கழிப்பது தசையை வளர்க்காது. இரு கால்களாலும் செய்யும் பயிற்சியில் நல்ல கால் உங்களை அறியாமலே பாதிக்கு மேற்பட்ட பாரத்தை வாங்கிக்கொள்ளும். எனவே ஒற்றைக்கால் பயிற்சிகளை விரைவில் சேர்த்துவிட வேண்டும். போதிய புரதமும் தூக்கமும் இல்லாமல் இந்த உழைப்பு தசையாக மாறாது. புகைபிடித்தல் காயம் ஆறுவதையே தாமதப்படுத்தும்.

இந்தக் கட்டத்தில் ஓர் ஆபத்து மறைந்திருக்கிறது. ஒட்டப்பட்ட தசைநாண் முதலில் இரத்த ஓட்டமில்லாமல் இருந்து, பிறகு புதிய இரத்தக் குழாய்கள் வளர்ந்து, மெல்ல மெல்லத் தசைநாராக மாறுகிறது. இந்த மாற்றத்தில் அது வலுவிழந்து நிற்கும் காலம் ஏறத்தாழ 6 முதல் 12 வாரம். முழங்கால் வலியும் வீக்கமும் குறைந்து "எல்லாம் சரியாகிவிட்டது" என்று தோன்றும் காலமும் ஏறத்தாழ அதுவேதான். அந்த வாரங்களில் ஓடுவது, குதிப்பது, ஈரத் தரையில் அவசரமாக நடப்பது, கூட்டத்தில் தள்ளுமுள்ளில் சிக்குவது எல்லாவற்றையும் தவிர்த்துவிடுங்கள்.

மூன்றாம் கட்டம்: ஓட்டமும் தாவலும்

12 வாரத்துக்கு முன் ஓட்டம் வேண்டாம்; 12 வாரம் ஆகிவிட்டது என்பதற்காகவும் ஓட வேண்டாம். வீக்கமே இல்லாமல் இருப்பது, மறு காலுக்கு நிகராக நீளுவது, தொடை முன்தசை மறு காலின் வலிமையில் 70 விழுக்காட்டையாவது எட்டுவது, முழங்கால் உள்நோக்கிச் சாயாமல் ஒற்றைக்காலில் 10 முறை குந்தி எழுவது ஆகியவை முடிந்தால் தொடங்கலாம். ஒரு நிமிடம் மெதுவோட்டம், இரண்டு நிமிடம் நடை என்று மாற்றி மாற்றி, ஒருநாள் விட்டு ஒருநாள் செய்து, மறுநாள் காலை வீக்கச் சோதனை சம்மதித்தால் மட்டும் ஓடும் நேரத்தைக் கூட்டுங்கள்.

தாவுவதை விடத் தரையிறங்குவதைக் கற்பது முக்கியம். தாழ்வான படியிலிருந்து இரு கால்களாலும் இறங்கி, இடுப்பும் முழங்காலும் மடங்க, ஓசையில்லாமல் நிற்கப் பழகுங்கள். முன்னாலிருந்து கைபேசியில் படமெடுத்துப் பார்த்தால் முழங்கால் பாதத்துக்கு நேராக நிற்கிறதா, உள்ளே சரிகிறதா என்பது பளிச்சென்று தெரியும். அது சரியான பிறகே ஒற்றைக்கால் தாவல், பிறகு முன்கூட்டியே தெரிந்த திசைமாற்றம், அதன் பிறகே பந்தையோ எதிராளியையோ பார்த்துச் சட்டென்று திரும்பும் பயிற்சி.

நான்காம் கட்டம்: விளையாட்டுக்குத் திரும்புதல்

அமெரிக்காவின் டெலவர், நார்வேயின் ஒஸ்லோ ஆகிய இடங்களின் நோயாளிகளைத் தொடர்ந்து கவனித்து 2016-இல் வெளியான ஆய்வு இங்கே வழிகாட்டியாக இருக்கிறது. 9 மாதம் வரை திரும்புவதைத் தள்ளிப்போட்ட ஒவ்வொரு மாதத்துக்கும் மறுகாய விகிதம் சுமார் 51 விழுக்காடு குறைந்தது என்று அது கண்டது. தொடைத் தசை வலிமை இரு கால்களிலும் சமமாக இருக்க இருக்க ஆபத்து மேலும் குறைந்தது. 25 வயதுக்கு உட்பட்டு விளையாட்டுக்குத் திரும்புவோரில் ஏறத்தாழ நால்வரில் ஒருவருக்கு ஏதேனும் ஒரு காலில் மீண்டும் ஏ.சி.எல். கிழிகிறது. எனவே அணித் தேர்வோ போட்டித் தேதியோ நெருக்கினாலும், குறைந்தது 9 மாதம் என்ற எல்லையை இளையவர்கள் விட்டுக்கொடுக்கவே கூடாது.

காலக்கெடுவுடன் தேர்வும் தேவை. கருவியால் அளந்த தொடை முன்தசை, பின்தசை வலிமையும், ஒற்றைக்கால் தாவல், மூன்று தொடர் தாவல், குறுக்குத் தாவல், 6 மீட்டர் நேரத் தாவல் ஆகிய நான்கும் மறு காலின் அளவில் 90 விழுக்காட்டுக்குக் குறையாமல் இருக்க வேண்டும். ஆனால் மாதக்கணக்கில் ஓய்ந்திருந்த நல்ல காலும் வலிமை இழந்திருக்கும். இளைத்த ஒன்றோடு ஒப்பிட்டு 90 என்று மகிழ்வது ஏமாற்றமே. தொடக்கத்திலேயே அளந்து வைக்கச் சொன்னது இதற்காகத்தான். தாவிய தூரம் சமமாக இருந்தாலும், இடுப்பாலும் கணுக்காலாலும் ஈடுகட்டி முழங்காலை ஒதுக்கித் தாவியிருக்கவும் கூடும். அதனால் தூரத்தை மட்டும் அளக்காமல் தரையிறங்கும் விதத்தையும் பார்க்கச் சொல்லுங்கள்.

அச்சமும் அளக்கப்பட வேண்டியதே. அறுவை சிகிச்சைக்குப் பிறகு ஏதேனும் ஒரு விளையாட்டுக்குத் திரும்புவோர் சுமார் 81 விழுக்காடு. போட்டி விளையாட்டுக்குத் திரும்புவோர் சுமார் 55 விழுக்காடுதான். இடைவெளிக்கு மறுகாய பயமும் ஒரு பெரிய காரணம். மன ஆயத்தத்தை அளக்கும் கேள்வித்தாள்கள் உள்ளன; பிசியோதெரபிஸ்டிடம் கேட்டு அவற்றை நிரப்புங்கள். பயம் இருக்கிறது என்று வெளிப்படையாகச் சொல்வோருக்கு, பயந்த அந்த அசைவையே சிறு அளவில் தொடங்கிப் படிப்படியாகப் பழக்கினால் நம்பிக்கை திரும்புகிறது. தேறிய பிறகும் நேராகப் போட்டிக்குச் செல்லாமல் தொடுதலில்லாத பயிற்சி, முழுப் பயிற்சி, சில நிமிட ஆட்டம், முழு ஆட்டம் என்ற வரிசையில் போக வேண்டும்.

திரும்பிய பிறகு வாரத்தில் 2 நாள் தொடை வலிமைப் பயிற்சியையும், ஒவ்வொரு ஆட்டத்துக்கும் முன் 15 முதல் 20 நிமிடம் சமநிலை, தரையிறக்கம், திசைமாற்றம் அடங்கிய தயார்ப் பயிற்சியையும் விளையாடும் காலம் முழுவதும் தொடருங்கள். இத்தகைய பயிற்சித் திட்டங்கள் ஏ.சி.எல். கிழிவைக் கணிசமாகக் குறைக்கின்றன; பெண் விளையாட்டு வீரர்களிடம் இந்தப் பயன் குறிப்பாகத் தெளிவாகத் தெரிகிறது. இரண்டு கால்களுக்கும் சமமாகச் செய்யுங்கள், ஏனெனில் அடுத்த கிழிவு இதுவரை காயமே படாத காலிலும் வரலாம்.